ஒரு வருடத்தை எப்படிக் காட்டுவது? தெச்சிங் ஷியே பற்றிக் கொஞ்சம் நீளமாக

கேள்வி இது: “தைவான்காரர் ஒருவர் நியூயார்க்கில் ஒரு வருடம் கூண்டுக்குள் உட்கார்ந்திருந்தாராம், இன்னொரு வருடம் மணிக்கொருமுறை கார்டு பஞ்ச் செய்தாராம். இதில் கலை எங்கே வருகிறது? யார் இவர், இப்போது என்ன செய்கிறார்?”

நியாயமான கேள்விதான். நானும் முதலில் கேள்விப்பட்டபோது வேலையில்லாத ஆள் போல என்றுதான் நினைத்தேன். அவர் பெயர் தெச்சிங் ஷியே. நிகழ்த்துகலை, அதாவது கலைஞர் தன் உடம்பையும் செயலையுமே படைப்பாக்கும் கலை, என்றதும் மரினா அப்ரமோவிச் பெயரைத்தான் எல்லாரும் சொல்வார்கள், ஆனால் அந்த அம்மாவே இவரைத்தான் தன் ஆசான் என்று சொல்லிவந்திருக்கிறார். அப்படியிருந்தும் இவரைப் பற்றிப் பேச்சு குறைவு. ஏன் குறைவு என்பதும் இந்தக் கதைக்குள்ளேயே இருக்கிறது, வரும்போது சொல்கிறேன்.

1950 கடைசியில், டிசம்பர் 31 அன்று, தெற்குத் தைவானில் பிங்டங் பகுதியில் பிறந்தவர். இந்தப் பிறந்தநாளை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும். பள்ளிப் படிப்பைப் பாதியில் விட்டுவிட்டு ஓவியம் வரைய ஆரம்பித்தார். 1970 முதல் 1973 வரை கட்டாய ராணுவ சேவை. முடித்து வந்ததும் ஓவியங்களை வைத்துத் தனிக் கண்காட்சி ஒன்று நடத்தினார், அதோடு தூரிகையைக் கீழே வைத்துவிட்டார். அதே 1973-இல் ஒரு மாடி ஜன்னலிலிருந்து கீழே குதித்து அதைப் படம் பிடித்தார். இரண்டு கணுக்காலும் உடைந்தது. உடம்பை வைத்துச் செய்த முதல் வேலை அதுதான். இன்று பார்த்தால் அது இளவயது முரட்டுத்தனம் மாதிரிதான் தெரிகிறது, பின்னால் வந்த வேலைகளின் நிதானம் அதில் துளியும் இல்லை.

கலைஞனாக இருப்பதற்கான இடம் நியூயார்க்தான் என்று அவருக்குத் தோன்றிவிட்டது. விசா கிடைக்கும் நிலைமை இல்லை. அதனால் கப்பல் வேலைக்குப் பயிற்சி எடுத்து, மாலுமியாகச் சேர்ந்து, 1974 ஜூலையில் பிலடெல்பியாவுக்குப் பக்கத்தில், டெலவேர் ஆற்றங்கரைத் துறை ஒன்றில் கப்பல் நின்றபோது இறங்கி நடையைக் கட்டினார், திரும்பவில்லை. அங்கிருந்து டாக்ஸி பிடித்து நியூயார்க். அதன்பிறகு 14 வருடம், 1988-இல் பொதுமன்னிப்பில் அனுமதி கிடைக்கும் வரை, சட்டப்படி அந்த நாட்டில் இல்லாத ஆள். சீன உணவகங்களில் பாத்திரம் கழுவுவது, தரை துடைப்பது, இதுதான் பிழைப்பு. நான்கு வருடம் இப்படியே போயிற்று. வேலை முடிந்து வந்து அறையில் குறுக்கும் நெடுக்குமாக நடந்துகொண்டு, என்ன செய்வது என்ன செய்வது என்று யோசித்துக்கொண்டே இருந்திருக்கிறார். ஒரு நாள் உறைத்ததாம்: இந்த யோசிப்பே வேலைதானே, இப்படி நேரம் போவதே விஷயம்தானே, இதை அப்படியே எடுத்துக் காட்டினால் என்ன?

அந்த யோசனையிலிருந்து வந்ததுதான் கூண்டு. 1978 செப்டம்பர் 30 முதல் 1979 செப்டம்பர் 29 வரை. மன்ஹாட்டனில் ட்ரைபெக்கா பகுதியில் இருந்த தன் லாஃப்டுக்குள்ளேயே, அதாவது குடியிருக்கவும் வேலை செய்யவும் வைத்திருந்த பெரிய அறைக்குள்ளேயே, மரச்சட்டங்களால் ஒரு கூண்டு கட்டினார். நீளம் 11 அடி 6 அங்குலம், அகலம் 9 அடி, உயரம் 8 அடி. உள்ளே ஒற்றைக் கட்டில், கை கழுவும் தொட்டி, விளக்கு, ஒரு வாளி. நிபந்தனைகளைக் காகிதத்தில் எழுதிக் கையெழுத்துப் போட்டார்: ஒரு வருடம் யாரிடமும் பேச மாட்டேன், படிக்க மாட்டேன், எழுத மாட்டேன், வானொலி கேட்க மாட்டேன், தொலைக்காட்சி பார்க்க மாட்டேன். நண்பர் ஒருவர் தினமும் வந்து சாப்பாடு கொடுத்து, துணியை எடுத்துப் போய், வாளியையும் எடுத்துக் கொட்டிவிட்டு, ஒரு போட்டோ எடுத்துவிட்டுப் போவார். வக்கீல் ஒருவர் கூண்டின் பொருத்துகளில் முத்திரைத் தாள் ஒட்டிக் கையெழுத்திட்டார், வருடம் முடிந்ததும் வந்து முத்திரை கிழியவில்லை என்று சான்று கொடுத்தார். மாதத்தில் ஓரிரு நாள் பார்வையாளர்கள் வரலாம், பார்க்கலாம், அவ்வளவுதான், இவர் அவர்களைக் கண்டுகொள்ள மாட்டார்.

உள்ளே என்ன செய்தார் என்று எல்லாரும் கேட்பார்கள். எனக்கு இதில் ரொம்பப் பிடித்த விஷயம் ஒன்றை அவரே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். கட்டில் இருந்த மூலையை வீடு என்று வைத்துக்கொண்டாராம், மற்ற மூன்று மூலைகளும் வெளியூர். கட்டிலிலிருந்து எழுந்து கொஞ்சம் வெளியே உலாவப் போய்விட்டு, அப்புறம் வீட்டுக்குத் திரும்பி வருவாராம். பத்தடிக் கூண்டுக்குள் போக வர ஓர் ஊர். இதைக் கேட்ட பிறகு கூண்டு என்பதைச் சிறையாக மட்டும் என்னால் பார்க்க முடியவில்லை. வெட்டியாக நடந்து நடந்து நான்கு வருடம் கழித்த அறையின் சின்ன நகல் அது, கதவை மட்டும் இவரே சாத்திக்கொண்டார்.

இங்கே ஒரு விஷயத்தில் நிற்க வேண்டும், ஏனென்றால் அவரைப் பற்றி எழுதுகிற பலர் இதைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். இந்த மனிதரிடம் அந்த நாட்டில் இருப்பதற்கான ஒரு காகிதம்கூட இல்லை. கூண்டுக்கு முன்னால், அதே 1978-இல், தன் முகமும் கைரேகையும் போட்டு, குடியேற்றத் துறையால் தேடப்படும் ஆள் என்று தன்னைப் பற்றித் தானே ஒரு போஸ்டர் செய்தவர். அப்படிப்பட்டவர் அடுத்த எட்டு வருடம் என்ன செய்கிறார் பாருங்கள்: கையெழுத்திட்ட உறுதிமொழி, வக்கீல் சான்று, சாட்சி கையொப்பம், தேதி போட்ட போஸ்டர், தினம் ஒரு போட்டோ, வரைபடம், ஒலிநாடா. காகிதம் இல்லாத ஆள் காகிதமாகத் தயாரித்துத் தள்ளுகிறார். அந்த வருடங்களில் அவர் ஒவ்வொரு நாளும் எங்கே இருந்தார், என்ன செய்தார் என்பதற்கு இருக்கிற ஆதாரம் அந்த நகரத்தின் சட்டபூர்வக் குடிமகன் யாருக்கும் இருந்திருக்காது. இதை அவர் திட்டமிட்டுச் செய்த அரசியல் கருத்து என்று நான் சொல்ல வரவில்லை, அவரே தன் வேலையை அரசியல் வேலை என்று அழைப்பதை விரும்புவதில்லை. ஆனால் வேலையைப் பார்க்கிற நமக்கு இது கண்ணில் படாமல் இருக்காது.

அடுத்தது டைம் கிளாக். என் கணக்கில் அவருடைய உச்சம் இதுதான். 1980 ஏப்ரல் 11 மாலை 7 மணி முதல் 1981 ஏப்ரல் 11 மாலை 6 மணி வரை. தொழிற்சாலை வாசலில் வருகைப் பதிவுக்கு வைத்திருப்பார்களே, அந்த பஞ்ச் கடிகாரம் ஒன்றைத் தன் அறையில் வைத்து, மணிக்கொருமுறை, பகல் ராத்திரி பாராமல், தொழிலாளி சீருடை போட்டுக்கொண்டு வந்து கார்டைக் குத்தினார். ஒவ்வொரு முறையும் பக்கத்தில் நின்று 16 மில்லிமீட்டர் கேமராவில் ஒரே ஒரு ஃபிரேம். ஆரம்பிக்கும் முன் தலையை மொட்டை அடித்துக்கொண்டார், நாள் ஓடுவது முடியில் தெரியட்டும் என்று.

இதில் கணக்கு அழகானது. சினிமாவில் நொடிக்கு 24 ஃபிரேம். நாளுக்கு 24 மணி. ஆக அவருடைய ஒரு நாள் திரையில் ஒரு நொடி, ஒரு வருடம் ஆறு நிமிடம். கடிகார முள் சுற்றிக்கொண்டே இருக்கிறது, ஆள் அதே இடத்தில் துடித்துக்கொண்டு நிற்கிறார், முடி தோள் வரை வளர்ந்து இறங்குகிறது. அவ்வளவுதான் படம். பார்த்து முடித்ததும் எனக்கு வந்த முதல் எண்ணம், அட முடிந்துவிட்டதா என்பதுதான். ஒரு மனிதனின் முழு வருடத்தை ஒரு தேநீர் குடிக்கிற நேரத்தில் விழுங்கிவிட்டோமே என்று கொஞ்சம் கூச்சமாகக்கூட இருந்தது.

மொத்தம் 8,760 மணி. அவர் குத்தியது 8,627. தவறவிட்டது 133. இந்த 133-ஐ அவர் மறைக்கவில்லை, வகை பிரித்துக் கணக்குக் கொடுத்திருக்கிறார்: தூங்கிப் போனதால் 94, தாமதமாக வந்ததால் 29, சீக்கிரமே குத்திவிட்டதால் 10. அந்தக் கடைசிப் பத்தைப் பாருங்கள். மணி ஆவதற்கு முன்பே அவசரப்பட்டுக் குத்தியிருக்கிறார், அதையும் பிழையில் சேர்த்திருக்கிறார். சாதனை நிகழ்த்த வந்தவன் இப்படிக் கணக்குக் கொடுக்க மாட்டான். இந்தப் பட்டியலைப் பார்த்த பிறகுதான் எனக்கு இந்த ஆள் மேல் முழு நம்பிக்கை வந்தது. 8,760-உம் சரியாகக் குத்தியிருந்தால் இயந்திரம் என்று சொல்லிவிட்டுப் போயிருப்போம். 94 முறை தூங்கிப்போனதுதான் அங்கே ஒரு மனிதன் இருந்தான் என்பதற்கு ஆதாரம்.

அப்புறம் இன்னொன்று. மணிக்கொருமுறை என்றால் என்ன அர்த்தம் என்று உட்கார்ந்து யோசித்தால்தான் புரியும். தூங்கிப்போய்த் தவறவிட்ட அந்த நேரங்கள் தவிர, ஒரு வருடம் அவர் தொடர்ந்து ஒரு மணி நேரத்துக்கு மேல் தூங்கவில்லை. வீட்டிலிருந்து போய்த் திரும்ப ஒரு மணிக்குள் முடியாத எந்த இடத்துக்கும் போகவில்லை. முழுப் படம் பார்க்க முடியாது, முழுக் கனவுகூடக் காண முடியாது. நான் ஒருமுறை, ஒரே ஒரு நாள், செய்து பார்ப்போமே என்று அலாரம் வைத்து மணிக்கொருமுறை எழுந்து நோட்டில் கையெழுத்துப் போட்டுப் பார்த்தேன். பகல் முழுக்க விளையாட்டாகப் போயிற்று. ராத்திரி இரண்டு மணிக்குப் போட்ட கையெழுத்து என்னுடையது மாதிரியே இல்லை, மூன்று மணிக்கு அலாரத்தை நிறுத்தியது நினைவே இல்லை. காலையில் நோட்டில் மூன்று, நான்கு, ஐந்து காலி. அவருடைய 94 என்ற எண் எவ்வளவு சின்னது என்று அன்றைக்குத்தான் தெரிந்தது.

குத்தி என்ன உற்பத்தி ஆயிற்று? ஒன்றும் இல்லை. தொழிற்சாலையில் ஒரு கார்டு குத்தினால் அதற்கும் அடுத்த கார்டுக்கும் நடுவில் எட்டு மணி நேர வேலை இருக்கும், அதற்குக் கூலி இருக்கும். இங்கே குத்துவதே வேலை, நடுவில் இருப்பது வெறும் காத்திருப்பு. இதைத் தொழிலாளர் நிலைமை பற்றிய வேலை என்று படிக்கலாம், பலர் படித்திருக்கிறார்கள், தப்பில்லை. அவரோ நேரத்தை வீணாக்குவது என்று சாதாரணமாகச் சொல்லிவிட்டுப் போவார்.

மூன்றாவது வருடம் நேரெதிர்த் திசை. 1981 செப்டம்பர் 26 முதல் அடுத்த வருடம் அதே தேதி வரை வெளியிலேயே இருப்பது. கட்டடம், சுரங்க ரயில், ரயில், கார், விமானம், கப்பல், குகை, கூடாரம் எதற்குள்ளும் நுழைய மாட்டேன் என்று எழுதிக் கொடுத்தார். கையில் ஒரு தூக்கப் பை, முதுகில் மூட்டை. தினமும் நகர வரைபடத்தில் எங்கே தூங்கினார், எங்கே சாப்பிட்டார், எங்கே கால் கழுவினார் என்று குறித்துவைத்தார். நியூயார்க்கின் பனிக்காலம் பற்றிச் சொல்லத் தேவையில்லை. அந்தப் படங்களில் முகமே வேறாகிவிட்டது.

அந்த வருடத்தில் நிபந்தனை ஒருமுறை உடைந்தது, அவராக உடைக்கவில்லை. ஒரு தகராறுக்குப் பிறகு போலீஸ் பிடித்து உள்ளே கொண்டுபோனது, 15 மணி நேரம் உள்ளே. அவரை இழுத்துக்கொண்டு போகும் காட்சி பதிவாகியிருக்கிறது. உள்ளே வர முடியாது, வர முடியாது என்று கத்துகிறார். குளிருக்கு ஒதுங்க இடம் கிடைத்தால் போதும் என்று அலைபவர்கள் நிறைந்த நகரத்தில், கூரைக்குக் கீழே வர மறுத்துக் கதறுகிற ஒருவர். இதில் நினைவில் கொள்ள வேண்டியது, அந்த நேரத்திலும் அவரிடம் தங்குவதற்கான அனுமதி இல்லை. போலீஸ் கொஞ்சம் கிளறியிருந்தால் தைவானுக்கு அனுப்பியிருப்பார்கள். அந்த பயத்தை விட, நிபந்தனை உடைகிறதே என்ற பதற்றம்தான் அந்தக் குரலில் கேட்கிறது. வீடில்லாதவர்களை வைத்து இவர் கலை செய்துவிட்டார் என்று குறை சொல்பவர்கள் உண்டு. அதில் கொஞ்சம் நியாயமும் உண்டு, திரும்பிப் போக ஒரு லாஃப்ட் இருப்பவனும் இல்லாதவனும் ஒன்றல்ல. ஆனால் அவரும் அந்த நகரத்தில் பாதுகாப்பாக இருந்த ஆள் கிடையாது.

நான்காவது, கயிறு. இதைப் பற்றித்தான் சாப்பாட்டு மேஜையில் சொன்னால் எல்லாரும் வாயைப் பிளப்பார்கள். லிண்டா மொன்டானோ என்ற அமெரிக்க நிகழ்த்துகலைஞர், இளவயதில் இரண்டு வருடம் கன்னியர் மடத்தில் இருந்தவர், 1973-இலேயே இன்னொரு கலைஞரோடு மூன்று நாள் கைவிலங்கு பூட்டிக்கொண்டு இருந்து பார்த்தவர். இவரும் ஷியேவும் 1983 ஜூலை 4 முதல் 1984 ஜூலை 4 வரை இடுப்பில் 8 அடிக் கயிற்றால் சேர்த்துக் கட்டிக்கொண்டார்கள். தனியாக இருக்கக் கூடாது, உள்ளே இருந்தால் இரண்டு பேரும் ஒரே அறையில் இருக்க வேண்டும். எல்லாவற்றுக்கும் மேலாக, ஒரு வருடம் முழுக்க ஒருவரை ஒருவர் தொடக் கூடாது.

கணவன் மனைவி கிடையாது, காதலர்கள் கிடையாது, அதற்கு முன் நெருங்கிய நண்பர்கள்கூடக் கிடையாது. குளியலறைக்கும் சேர்ந்துதான், வேலைக்கும் சேர்ந்துதான். ஒருவர் ஜன்னல் பக்கம் போக நினைத்தால் மற்றவர் சம்மதிக்க வேண்டும். முதலில் பேசித் தீர்த்துக்கொண்டார்கள். பிறகு பேச்சு குறைந்து கயிற்றைப் பிடித்து இழுப்பதாக மாறியது. பிறகு கையால் சைகை. கடைசியில் வெறும் முனகல், உறுமல். மொன்டானோ பேட்டியில் இந்தப் படிகளை வரிசையாகச் சொல்லியிருக்கிறார். மனித நாகரிகம் பின்பக்கமாக ஓடுகிற மாதிரி இருக்கும் கேட்க. தினமும் ஒரு போட்டோ எடுத்தார்கள், சில நாட்களில் போட்டோ இருக்க வேண்டிய இடத்தில் ‘சண்டை’ என்ற ஒற்றைச் சொல் மட்டும் இருக்கும். பேசியதையெல்லாம் நாடாவில் பதிவு செய்து, நாடாக்களை மூடி முத்திரை வைத்துவிட்டார்கள், யாரும் கேட்பதற்கு இல்லை. இதுவும் அவருடைய பாணிதான்: பதிவு இருக்கும், உள்ளடக்கம் நமக்குக் கிடைக்காது.

இருவரும் இதைப் பற்றி ஒரே மாதிரி பேசுவதில்லை என்பதும் சுவாரசியம். மொன்டானோவுக்கு அது கவனத்தைக் கூர்மையாக்கும் பயிற்சி, கிட்டத்தட்ட ஆன்மிகம், அது முடிந்த கையோடு ஏழு வருடம் நீளும் தன் சொந்த வேலையைத் தொடங்கிவிட்டார். ஷியேவுக்கு அது மனிதர்கள் ஒருவரோடொருவர் மாட்டிக்கொண்டிருப்பதைக் கண்ணுக்குத் தெரியும்படி செய்வது. ஒரே கயிறு, இரண்டு முனையிலும் இரண்டு வேறு கலைப்படைப்பு என்றுகூடச் சொல்லிவிடலாம்.

ஐந்தாவது வருடம், 1985 ஜூலை 1 முதல் 1986 ஜூலை 1 வரை: கலை செய்ய மாட்டேன், கலையைப் பார்க்க மாட்டேன், அதைப் பற்றிப் பேச மாட்டேன், படிக்க மாட்டேன், கேலரிக்கோ அருங்காட்சியகத்துக்கோ போக மாட்டேன், வாழ்ந்துகொண்டு மட்டும் இருப்பேன். போட்டோ இல்லை, சாட்சி இல்லை. ஒரு போஸ்டரும் உறுதிமொழியும்தான். ஏமாற்று என்று தோன்றுகிறதா? எனக்கும் முதலில் தோன்றியது. ஆனால் வரிசையில் வைத்துப் பார்த்தால் வேறு மாதிரி தெரிகிறது. முதல் நான்கு வருடமும் ஒவ்வொன்றாகக் கழித்துக்கொண்டே வந்தவர் இங்கே கலையையே கழித்துவிட்டார்.

அதற்கும் மேலே ஒன்று மீதி இருந்தது: பார்வையாளர். 1986 டிசம்பர் 31, அவருடைய 36-ஆவது பிறந்தநாள். அன்றிலிருந்து 1999 டிசம்பர் 31, 49-ஆவது பிறந்தநாள் வரை, 13 வருடம், கலை செய்வேன், ஆனால் வெளியே காட்ட மாட்டேன் என்று அறிவித்தார். நடுவில் 1991-இல் எல்லாத் தொடர்பையும் அறுத்துக்கொண்டு காணாமல் போய்விடுவது என்று அலாஸ்காவைக் குறிவைத்துக் கிளம்பினார், சியாட்டில் வரைதான் போக முடிந்தது. அங்கே பெயர் தெரியாத ஆளாகக் கூலி வேலைகள் செய்துவிட்டு, சுமார் ஆறு மாதத்தில் திரும்பிவிட்டார். மறுபடியும் முதலில் வந்து இறங்கிய அதே அநாமதேய வாழ்க்கை, இந்த முறை கையில் அனுமதிக் காகிதம் இருந்தும். 2000 ஜனவரி 1 அன்று நியூயார்க்கில் ஜட்சன் மெமோரியல் சர்ச்சில் கூட்டம் கூடியது. 13 வருடம் என்ன செய்தார் என்று தெரிந்துகொள்ள வந்தவர்களுக்கு, எழுத்துகளை வெட்டி ஒட்டிய ஒரு தாளைக் காட்டினார். என்னை உயிரோடு வைத்திருந்தேன், 1999 டிசம்பர் 31-ஐத் தாண்டிவிட்டேன், இவ்வளவுதான் அதில். அதோடு கலையிலிருந்து விலகிவிட்டதாகவும் சொல்லிவிட்டார்.

சரி, இப்போது கேள்விக்கு வருகிறேன், இதில் கலை எங்கே.

நம்மூர்க் கண்ணுக்கு உடனே தவம், விரதம், மௌனம் என்றுதான் தோன்றும். அவரிடமும் இதைப் பலர் கேட்டிருக்கிறார்கள், அவர் ஒத்துக்கொள்வதில்லை. தவம் செய்கிறவர் எதையாவது அடைய வேண்டும், மாற வேண்டும். இவர் மாறியதாகச் சொல்லிக்கொள்வதில்லை. கூண்டிலிருந்து வந்து ஞானம் பேசவில்லை, அடுத்த போஸ்டரை அச்சடித்தார். உடம்பை வருத்துவதும் நோக்கம் இல்லை. அதே 1970-களில் அமெரிக்காவில் கிறிஸ் பர்டன் என்பவர் ஒரு லாக்கருக்குள் ஐந்து நாள் மடங்கிக் கிடந்தார், பிறகு தன் கையில் நண்பரைத் துப்பாக்கியால் சுடச் சொன்னார். அதெல்லாம் ஆபத்து, அதிர்ச்சி. ஷியேவின் கூண்டில் ஆபத்து ஏதும் இல்லை, சாப்பாடு வேளைக்கு வந்துகொண்டிருந்தது. அங்கே இருந்த ஒரே பொருள் நேரம். ஓவியர் வண்ணத்தைக் கையாளுகிற மாதிரி இவர் நேரத்தைக் கையாண்டார், சட்டகம் ஒரு வருடம். ஏன் ஒரு வருடம் என்றால், பூமி சூரியனை ஒரு சுற்றுச் சுற்றுகிறது, மனிதர்கள் வயதை எண்ணுவது அதை வைத்துத்தான். ஒரு வாரம் செய்திருந்தால் அது நிகழ்ச்சி. ஒரு வருடம் என்றால் அது வாழ்க்கையோடு கலந்துவிடுகிறது, எது நடிப்பு எது வாழ்வு என்று பிரிக்க முடியாமல் போகிறது. அந்த இடம்தான் அவருக்கு வேண்டியிருந்தது.

கின்னஸ் சாதனை வகை என்று ஒதுக்குபவர்களுக்கும் அந்த 133-ஐத்தான் காட்டுவேன். எதையாவது முறியடிக்க வந்தவர் தன் தூக்கத்தைக் கணக்கில் எழுத மாட்டார்.

ஒரு குறையும் சொல்ல வேண்டும். இந்த வேலைகளைப் பற்றிப் பேசும்போது அவை ரொம்பச் சுத்தமாக, ரொம்ப அழகாகச் சொல்ல முடிகிறவையாக இருக்கின்றன, ஒரே வாக்கியத்தில் அடங்கிவிடும். அதனாலேயே ஒரு கதை மாதிரி கேட்டுவிட்டு நகர்ந்துவிடுகிறோம், 365 போட்டோக்களையும் ஒவ்வொன்றாக நின்று பார்க்க நமக்குப் பொறுமை இல்லை. நானும் பார்த்ததில்லை, நாற்பது ஐம்பதோடு கண் தாவ ஆரம்பித்துவிடுகிறது.

இவ்வளவு காலம் ஏன் பேசப்படவில்லை என்பதற்கு வருவோம். விற்க ஒன்றும் இல்லை, பின்னால் கேலரி இல்லை, ஆங்கிலம் தடுமாறும், ஆசியாவிலிருந்து வந்த, அனுமதி இல்லாத குடியேறி. கலை உலகில் சிலருக்குத் தெரியும், மதித்தார்கள், ஆனால் வரலாற்று நூல்களில் அடிக்குறிப்பாகவே இருந்தார். 2009-இல்தான் நிலைமை மாறியது. அந்த வருடம் நியூயார்க்கின் நவீனக் கலை அருங்காட்சியகம் கூண்டைக் காட்சிக்கு வைத்தது, அதே நேரத்தில் குகன்ஹைம் அருங்காட்சியகத்தில் டைம் கிளாக் இருந்தது. ஏட்ரியன் ஹீத்ஃபீல்டு என்ற ஆய்வாளர் அவரோடு சேர்ந்து கொண்டுவந்த பெரிய நூலும் அப்போதுதான் வந்தது. 2017-இல் வெனிஸ் பியனாலே என்ற சர்வதேசக் கலைக் கண்காட்சிக்குத் தைவான் சார்பில் அவருடைய வேலைகள் போயின. கப்பலிலிருந்து ஓடிவந்தவர் 43 வருடம் கழித்து நாட்டின் பிரதிநிதி.

2025-இல் நியூயார்க் மாநிலத்தில் உள்ள டியா பீக்கன் என்ற கலை அருங்காட்சியகத்தில் ஆறு வேலைகளையும் சேர்த்துக் காட்டத் தொடங்கினார்கள். அதன் அமைப்பு அவர் பல காலமாக மனதில் வைத்திருந்தது: காலத்தின் அளவுக்கு ஏற்ப இடம். கலை செய்த ஒவ்வொரு வருடத்துக்கும் ஒரே அளவு இடம், ஒரு வேலைக்கும் அடுத்ததற்கும் நடுவில் அவர் சும்மா வாழ்ந்த மாதங்களுக்கும் அதே விகிதத்தில் இடம், ஆனால் அது காலி. யோசித்துப் பாருங்கள், அந்தக் கணக்குப்படி 13 வருடத் திட்டத்துக்குத்தான் எல்லாவற்றையும் விடப் பெரிய பரப்பு, அங்கே பார்ப்பதற்கு இருப்பதோ கிட்டத்தட்ட ஒன்றுமில்லை.

கடைசியாக, இப்போது என்ன செய்கிறார் என்று கேட்டிருந்தீர்கள். நியூயார்க்கில்தான் இருக்கிறார். பேட்டி கொடுக்கிறார், பழைய வேலைகளைக் காட்சிக்கு வைக்கும்போது அளவு நாடாவோடு போய் நின்று சரிபார்க்கும் ரகம். புதிதாக ஏதும் செய்கிறீர்களா என்று கேட்டால், கலை செய்வதை நிறுத்திவிட்டேன், நேரத்தைக் கழித்துக்கொண்டிருக்கிறேன் என்பதுதான் பதில்.